மூன்று மணி நேரம் கமராவுக்கு முன்னால் இருந்தேன், எட்டு நிமிடம் கேட்கிறார்கள். எதை அனுப்புவது?

உப்புவெளிப் பிள்ளை

வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதப் போகிறேன், பொறுமையாக வாசித்துப் பதில் சொல்லுங்கள்.

நான் திருகோணமலை, உப்புவெளிப் பக்கம். மட்டக்களப்பில் காண்பியக் கலை படித்துவிட்டு ஊருக்கு வந்து ஒன்றரை வருடம் ஆகிறது. வரைவதை விட என் உடம்பையும் முகத்தையும் வைத்துச் செய்கிற வேலைகளில்தான் மனம் போகிறது. அதாவது ஆற்றுகை, அப்புறம் அதை வீடியோவாகப் பதிவது. இங்கே இதைப் பற்றிக் கதைக்க இரண்டு மூன்று பேர்தான் இருக்கிறார்கள், அதனால்தான் இங்கே கேட்கிறேன்.

சில மாதங்களுக்கு முன் என் அடையாள அட்டை தொலைந்துபோய், புதிதாக எடுக்கப் படம் பிடிக்க ஸ்ரூடியோவுக்குப் போனேன். நேராக இருங்கோ, நாடியைக் கொஞ்சம் இறக்குங்கோ, சிரிக்க வேண்டாம், முடியைக் காதுக்குப் பின்னால் விடுங்கோ. இரண்டு நிமிட வேலை. படம் கைக்கு வந்தபோது அதில் இருந்த ஆளை எனக்குப் பிடிபடவில்லை. பிழையான படம் என்று சொல்ல முடியாது, கண், மூக்கு, மச்சம் எல்லாம் என்னுடையவைதான். ஆனால் அது இன்னொருவர் சொல்லச் சொல்ல நான் செய்து கொடுத்த முகம். இனி நெடுநாளைக்கு அதுதான் நான். என் முகத்தை இதுவரை யார் யார் சொல்லி இப்படி ஆக்கினார்கள் என்ற எண்ணம் அன்றைக்குப் பிடித்தது, விடவே இல்லை.

அதை வைத்து ஒரு வேலை செய்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை விடிய டச்பே கடற்கரையில் ஒரு ஸ்டூலைப் போட்டு, பின்னால் இரண்டு கம்பு நட்டு அம்மாவின் பழைய வெள்ளைச் சீலையைக் கட்டி, முன்னால் ஸ்டாண்டில் போனை வைத்துவிட்டு இருந்தேன். பக்கத்தில் ஓர் அட்டை: 'எனக்குப் படம் எடுக்க வேண்டும். நான் எப்படி இருக்க வேண்டும் என்று சொல்லுங்கள்.' யார் என்ன சொன்னாலும் செய்வது, நான் வாய் திறப்பதில்லை. இதுதான் எனக்கு நானே வைத்த விதி. தோழி ஒருத்தி கொஞ்சம் தள்ளி நின்று பார்த்துக்கொண்டாள். மூன்று மணி பத்து நிமிடம் போனது.

சிரி என்றார்கள், சிரிக்காதே என்றார்கள். ஓர் அக்கா தன் கைப்பையில் இருந்த ஒட்டுப்பொட்டை எடுத்துத் தானே வைத்துவிட்டார். பள்ளிக்கூடப் பிள்ளைகள் நாக்கை நீட்டச் சொன்னார்கள். ஒரு வெள்ளைக்காரச் சோடி அட்டையில் என்ன இருக்கிறது என்று விசாரித்துவிட்டு 'நீ நீயாகவே இரு' என்றார்கள், அதை எப்படிச் செய்வது என்று தெரியாமல்தான் அதிக நேரம் முழித்துக்கொண்டிருந்தேன். ஓர் ஆட்டோ அண்ணன் 'நீ ஆர்ட மகள்?' என்று மட்டும் கேட்டுவிட்டு நின்றார். எனக்குப் பதில் சொல்ல அனுமதி இல்லை. அவர் போய்விட்டார்.

ஓர் இடத்தில் மட்டும் விதி உடைந்தது. கச்சான் விற்கிற ஓர் அம்மா வந்து 'அழு பிள்ளை' என்றார். முயற்சி செய்தேன், வரவில்லை. நாலு நிமிடத்துக்கு மேல் அப்படியே இருந்தேன், அவரும் நின்றார். பிறகு 'எழும்பு' என்று சொல்லி, கச்சான் பெட்டியை என் கையில் தந்துவிட்டு, தானே ஸ்டூலில் இருந்து, சீலைத் தலைப்பை இழுத்துவிட்டு, கமராவைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் பெட்டியோடு ஓரத்தில் நின்றேன். அந்த இடம் குழம்பிவிட்டது, அதை வெட்டிவிடலாம் என்றுதான் நினைத்திருக்கிறேன்.

இப்போது பிரச்சினைக்கு வருகிறேன். அங்கே நின்ற யாரோ நாற்பது செக்கன் எடுத்து டிக்டொக்கில் போட்டுவிட்டார்கள். நாக்கை நீட்டுகிற இடம். கீழே வந்த கருத்துகளை இங்கே எழுத மாட்டேன். அம்மா இரண்டு நாள் என்னோடு கதைக்கவில்லை, மாமா வந்து 'உன்னை ஆர் இனிக் கட்டுவான்' என்று கேட்டுவிட்டுப் போனார். அதே கிழமையில் கொழும்பில் நடக்கும் ஒரு கண்காட்சிக்கு வேலைகள் அனுப்பச் சொல்லி அழைப்பு வந்தது. எட்டு நிமிட வீடியோ, 250 சொல்லில் ஒரு குறிப்பு. அதை ஒருங்கிணைப்பவரோடு போனில் கதைத்தபோது, 'நீங்கள் திருகோணமலை, தமிழ்ப் பெண், குறிப்பில் யுத்தத்தைப் பற்றிக் கொஞ்சம் சேர்த்தால் தேர்வாக வாய்ப்பு அதிகம்' என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார் என்று நினைக்கிறேன். ஆனால் போனை வைத்தவுடன் எனக்கு அந்த ஸ்ரூடியோ ஞாபகம் வந்தது. நாடியைக் கொஞ்சம் இறக்குங்கோ.

எனக்குத் தெரிய வேண்டியது இதுதான். என் வேலை எது, கடற்கரையில் நடந்த மூன்று மணி நேரமா, வீடியோவா? எட்டு நிமிடமாக வெட்டினால் அது அந்த டிக்டொக்காரர் செய்ததிலிருந்து எப்படி வேறுபடும்? அதில் வருகிற மற்ற ஆட்களிடம் நான் கேட்க வேண்டுமா? குறிப்பில் என்ன எழுதுவது?

கல்யாணக் கமரா

தங்கச்சி, கலை பற்றி எனக்குப் பெரிதாகத் தெரியாது. பதினைந்து வருடமாகத் திருமலையில் கல்யாண வீடு, சாமத்திய வீடு எல்லாம் எடுக்கிறேன். கமராப் பக்கத்தைச் சொல்கிறேன்.

முதலில், மூலக் கோப்பை இரண்டு இடத்தில் பிரதி எடுத்து வையுங்கள், இன்றைக்கே. போனில் மட்டும் இருந்தால் ஒருநாள் அழும் நிலை வரும். பல கமராக்கள் முப்பது நிமிடத்துக்கு ஒரு செக்கன் குறைவாக நின்றுவிடும், ஐரோப்பாவில் முப்பது நிமிடம் பதிகிற கமராவுக்கு வேறு வரி இருந்ததால் அப்படிச் செய்து விற்றார்கள். இன்னும் சில, கோப்பு நாலு கிகாபைட் ஆனதும் அடுத்த துண்டைத் தொடங்கும். உங்கள் பதிவும் துண்டு துண்டாக இருந்தால் ஒட்டிப் பார்த்து இடையில் எத்தனை செக்கன் போயிருக்கிறது என்று பாருங்கள். டச்பேயில் விடிய ஆறு மணிக்கு மேல் காற்று மைக்கில் அடிக்கும். அதைக் குறைக்கலாம், ஆனால் முழுதாகத் துடைக்க வேண்டாம், துடைத்தால் ஆட்களின் குரல் தகரப் பேணிக்குள் இருந்து வருகிற மாதிரி ஆகிவிடும். பாட்டுப் போடாதீர்கள். தயவுசெய்து போடாதீர்கள்.

இனி என் அபிப்பிராயம். எட்டு நிமிடத்துக்குள் மூன்று மணி நேரத்தை அடைக்க வேண்டாம். சிரி, சிரிக்காதே, பொட்டு, நாக்கு என்று நல்ல நல்ல இடமாகப் பொறுக்கி ஒட்டினால் அது ஹைலைட்ஸ். எங்கள் தொழிலில் கல்யாண வீட்டுக்கு அதைத்தான் செய்கிறோம், அதில் எல்லோரும் சந்தோசமாக இருப்பார்கள். ஒரே ஓட்டமாக எட்டு நிமிடம் எடுங்கள், ஒரு வெட்டும் இல்லாமல். எந்த எட்டு என்று என்னைக் கேட்டால், கச்சான் அம்மா 'அழு' என்று சொல்வதிலிருந்து ஸ்டூலை விட்டு எழும்பும் வரைக்கும். நீங்கள் குழம்பியது என்று வெட்ட நினைக்கிற இடம் அது. எழுத்தில் வாசித்த எனக்கே அந்த இடத்தில் நெஞ்சுக்குள் ஏதோ செய்தது.

முகம் பற்றி இன்னொன்று. என்னிடம் வருகிற வேலையில் பாதி, இல்லாத ஆளைப் படத்துக்குள் வைப்பதுதான். கனடாவில் இருக்கிற அண்ணனைத் தங்கையின் கல்யாணப் படத்தில் நிற்க வைப்பது, செத்துப்போன அப்பாவுக்குக் கோட் போட்டு அம்மாவுக்குப் பக்கத்தில் இருத்துவது. அப்பாவின் ஒரே படம் பெரும்பாலும் ஐ.சி. (அடையாள அட்டை) படம்தான். அதைப் பெருப்பித்து, முகத்தை வெள்ளையாக்கி, கண்ணைத் திறந்து கொடுக்கிறோம். ஒருமுறை ஓர் அம்மா வந்து பார்த்துவிட்டு 'வடிவாத்தான் இருக்கு தம்பி, ஆனா இது அவர் இல்ல' என்றார். காசைத் தந்துவிட்டு வாங்கிக்கொண்டும் போனார். அந்தக் குரல் இன்னும் காதில் இருக்கிறது. உங்கள் வேலை அந்த அம்மா சொன்னதுக்குக் கிட்ட இருக்கிறது என்று எனக்குப் படுகிறது.

சித்திர ரீச்சர், மட்டக்களப்பு

பிள்ளை, முதல் கேள்விக்கு நான் பதில் சொல்கிறேன், இதை வகுப்பில் ஒவ்வொரு வருடமும் யாராவது கேட்பார்கள்.

ஆற்றுகையும் பதிவும் ஒன்றா வேறா என்பதற்கு ஒரே பதில் இல்லை, செய்தவர் தீர்மானிக்க வேண்டியது அது. யோகோ ஓனோ 1964ல் கியோத்தோவில் மேடையில் முழங்காலிட்டு இருந்து, கத்தரிக்கோலை முன்னால் வைத்து, வருகிறவர்கள் தன் உடுப்பை வெட்டிக்கொண்டு போகலாம் என்றார். மரினா அப்ரமோவிச் 1974ல் நேப்பிள்ஸில் ஆறு மணி நேரம் நின்றார், மேசையில் 72 பொருள், ரோசாப்பூவிலிருந்து துப்பாக்கி வரைக்கும், விரும்பியதைத் தன்மேல் பாவிக்கலாம் என்றார். உங்கள் கடற்கரை வேலை இந்த வழியில் வருகிறது, உங்களுக்கும் தெரிந்திருக்கும். இவற்றில் வேலை என்பது அந்த அறையில் நடந்தது. நமக்குக் கிடைத்திருக்கிற படமும் துண்டுக் காட்சியும் சாட்சிதான்.

சிண்டி ஷெர்மன் அப்படியில்லை. 1977 முதல் 1980 வரை தன்னையே விதவிதமான சினிமாப் பெண்களாக உடுத்திப் படம் எடுத்தார், அங்கே பார்வையாளர் யாருமில்லை, படம்தான் வேலை. பெங்களூரின் புஷ்பமாலா 2000 முதல் 2004 வரை கிளேர் ஆர்னியோடு சேர்ந்து தென்னிந்தியப் பெண்களின் பழைய படங்களைத் தன் உடம்பால் திரும்பச் செய்தார். வெள்ளைக்காரர் காலத்து மானிடவியல்காரர்கள் ஆட்களைக் கட்டம் போட்ட திரைக்கு முன்னால் நிறுத்தி அளந்து படம் எடுத்தார்கள் இல்லையா, அதற்குள்ளும் அவர் போய் நின்றார். உங்கள் அம்மாவின் வெள்ளைச் சீலையைப் பற்றி வாசித்தவுடன் எனக்கு அந்தக் கட்டத் திரைதான் ஞாபகம் வந்தது. நம் நாட்டிலும் ஸ்கோவன், பிளாட்டே போன்ற ஸ்ரூடியோக்கள் 'தமிழ்ப் பெண்' என்று கீழே எழுதி எத்தனையோ படங்களை விற்றன. அந்தப் பெண்ணுக்குப் பெயர் இருக்காது, இனம் மட்டும்தான். அனோலி பெரேரா 2010, 2011 வாக்கில் அந்தப் பழைய ஸ்ரூடியோ இருப்பிலேயே பெண்களை இருத்தி, கூந்தலை முன்னால் விட்டு முகத்தை முழுதாக மறைத்துப் படமாக்கினார். பார்க்க வந்தவருக்குப் பார்ப்பதற்கு முகம் கிடைக்காது. தேடிப் பாருங்கள், உங்களுக்கு வேண்டியது அதில் நிறைய இருக்கிறது.

வெட்டுவது பற்றி. தெஹ்சிங் ஷியே 1980 ஏப்ரல் தொடங்கி ஒரு வருடம், ஒவ்வொரு மணித்தியாலமும், இரவு பகலாக, தொழிற்சாலை நேர இயந்திரத்தில் அட்டை அடித்தார். ஒவ்வொரு முறையும் பிலிமில் ஒரே ஒரு பிரேம் எடுத்தார். ஒரு வருடத்தில் 8,760 மணித்தியாலம், அதில் 133 தவறியது, அதையும் மறைக்காமல் கணக்கு வைத்தார். அந்த வருடம் முழுவதும் சேர்ந்து ஆறு நிமிடச் சொச்சப் படமாக இருக்கிறது. தலையை மொட்டை அடித்துத் தொடங்கியவரின் முடி ஆறு நிமிடத்தில் தோளுக்கு வருகிறது. அவர் சுருக்கினார், ஆனால் எப்படிச் சுருக்குவது என்ற விதியைத் தொடங்க முதலே வைத்திருந்தார். டிக்டொக்கில் போட்டவரிடம் அப்படி ஒரு விதி இல்லை, சிரிப்பு வருகிற இடத்தை எடுத்தார், அவ்வளவுதான். நீங்களும் ஒரு விதியை வைத்துக்கொண்டு வெட்டுங்கள், அப்போது இரண்டும் ஒன்றாகாது. கமராத் தம்பி சொன்ன ஒரே ஓட்டம் என்பதும் ஒரு விதிதான், நல்ல விதி.

கிண்ணியாக்காரி

தங்கச்சிக்கு ஸலாம். நான் கிண்ணியா, வயது நாற்பதுக்குக் கிட்ட. எனக்கும் வீடியோ செய்கிற பழக்கம் இருக்கிறது, ஆனால் என் வீடியோவில் என் முகம் வராது, கை மட்டும்தான். பாய் இழைக்கிற கை, மீன் வெட்டுகிற கை, உம்மாவுக்கு மருந்து கொடுக்கிற கை. முகம் காட்டாமல் எப்படி 'தன்னைக் காட்டுதல்' என்று ஒருவர் என்னிடம் கேட்டார். என் கையைப் பார்த்து என் ராத்தா கடல் கடந்து இருந்துகொண்டு 'நீ மெலிந்துவிட்டாய்' என்று போன் எடுத்தாள். அதற்கு மேல் நான் என்ன சொல்ல.

ஆட்களிடம் கேட்பது பற்றி. கடற்கரை பொது இடம், கேட்கத் தேவையில்லை என்று சொல்பவர்கள் வருவார்கள். அதை விடுங்கள். உங்கள் போன் உங்களைப் பார்த்துத்தானே நின்றது? அப்படியானால் சொன்னவர்களில் முக்கால்வாசிப் பேர் குரலாக மட்டும்தான் வருவார்கள். முகம் தெரிகிற பிள்ளைகள் இருந்தால் அந்தப் பகுதியை எடுக்கவே வேண்டாம். முகத்தை மங்கலாக்கலாம் என்று மட்டும் யாரும் சொன்னால் கேட்காதீர்கள். நம் ஊரில் மங்கலாக்கிய முகம் என்றால் நியூஸில் பொலிஸ் பிடித்துக்கொண்டு போகிற ஆள். முகத்தைப் பற்றிய வேலைக்குள் அதைக் கொண்டுவரக் கூடாது.

ஆனால் அந்தக் கச்சான் அம்மாவிடம் கட்டாயம் போய்க் கேட்க வேண்டும். அவர் ஸ்டூலில் இருந்தது உங்கள் கமராவுக்கு முன்னால், சரி, தானாகத்தான் இருந்தார், அதுவும் சரி. ஆனால் அது கொழும்பில் ஒரு சுவரில் ஓடும் என்று தெரிந்தா இருந்தார்? கடிதம் எழுதிக் கையெழுத்து வாங்குகிற மாதிரிப் போக வேண்டாம். வீடியோவைப் போனில் போட்டுக் காட்டுங்கள், முழுதாக. அவர் வேண்டாம் என்றால் அந்த எட்டு நிமிடம் இல்லை, எவ்வளவு நல்லதாக இருந்தாலும் இல்லை.

யுத்தம் பற்றி எழுதச் சொன்ன கதைக்கு எனக்குக் கோபம்தான் வந்தது. 2009ல் கிண்ணியாப் பாலம் திறக்கும் வரைக்கும் நாங்கள் பாதையில் (ஆட்களை ஏற்றிக் கடக்கிற மிதவையில்) ஏறித்தான் திருமலைக்கு வருவோம். இறங்கினால் சோதனை. ஐ.சி.யைக் கையில் வாங்கி, படத்தைப் பார்த்து, என்னைப் பார்த்து, திரும்பப் படத்தைப் பார்ப்பார்கள். அந்த மூன்று செக்கன் படத்தில் இருக்கிற ஆள் மாதிரி நான் இருக்க வேண்டும். காய்ச்சல் வந்து முகம் வீங்கிய ஒருநாள் வாப்பா என்னை வரவே விடவில்லை. அட்டையில் இருக்கிற முகம் இல்லாமல் போனால் என்ன ஆகும் என்று அவர் பயந்தார். இது யுத்தக் கதைதான். ஆனால் நான் சொல்ல நினைக்கும்போது சொல்வேன், ஒருவர் 250 சொல்லுக்குள் வேண்டும் என்று கேட்பதற்காக இல்லை. நீங்களும் உங்களுக்குத் தெரிந்ததை எழுதுங்கள். அம்மாவின் சீலை உங்களுக்குத் தெரியும், ஸ்ரூடியோ தெரியும், மாமா கேட்டது தெரியும்.

பாரிஸ் திருமலையான்

நான் மறுபக்கம் சொல்கிறேன், கிண்ணியா அக்கா கோபிக்க வேண்டாம்.

டச்பே வெறும் மணல் இல்லை. 2006 ஜனவரி 2 பின்னேரம் அந்தக் கடற்கரையில், காந்தி சிலைக்குப் பக்கத்தில், ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். இருபது வயதுப் பிள்ளைகள், கடற்கரையில் இருந்து கதைத்துக்கொண்டிருந்ததைத் தவிர ஒன்றும் செய்யவில்லை. 2019ல் குற்றஞ்சாட்டப்பட்ட 13 பேரும் விடுவிக்கப்பட்டார்கள். நான் அந்தக் கொலைகளுக்கு முதலே ஊரை விட்டு வெளிக்கிட்டுவிட்டேன், ஆனால் அவற்றுக்குப் பிறகு ஊருக்கு வந்த ஒவ்வொரு முறையும் அந்த இடத்தில் இருக்க எனக்கு உடம்பு விடவில்லை. நீங்கள் மூன்று மணி நேரம் ஸ்டூல் போட்டு இருந்திருக்கிறீர்கள். வாசித்தபோது எனக்கு முதலில் பயம் வந்தது, பிறகு ஏதோ ஆறுதலாக இருந்தது. கொழும்பில் பார்க்கிற ஒருவருக்கு இது தெரியாது, அது வடிவான கடற்கரை என்று மட்டும்தான் தெரியும். உங்களைப் பாதிக்கப்பட்ட பெண்ணாக எழுதச் சொல்லவில்லை. இடத்தைச் சொல்லுங்கள். இடத்துக்கு ஒரு வாக்கியம் கொடுங்கள்.

தம்பலகாமம் கூத்துக்காரன்

எங்கள் வீடு கூத்துக்கார வீடு. அப்பா பெண் வேடம் கட்டியவர். அரங்கேற்றத்துக்கு முதல் நாள் மீசையை எடுப்பார். கூத்து ஓர் இரவில் முடிந்துவிடும், மீசை வளர நாள் எடுக்கும், அதுவரைக்கும் சந்தைக்கும் வயலுக்கும் அந்த முகத்தோடுதான் போவார். யாரும் பகிடி பண்ணியதாக எனக்கு நினைவில்லை. 'இந்த முறை அண்ணன் கட்டியிருக்கிறார்' என்று முகத்தைப் பார்த்தே தெரிந்துகொள்வார்கள். பத்திரகாளி கோயிலில் அலகு குத்திக் காவடி எடுக்கிறவரையும் யாரும் பைத்தியம் என்பதில்லை. அப்படியானால் சபைக்கு முன்னால் உடம்பை வைப்பது நமக்குப் புதிதில்லை பிள்ளை. சாமிக்காக இல்லாமல், கதைக்காக இல்லாமல், ஒரு பெண் பிள்ளை தனக்காகச் செய்தது என்பதுதான் அவர்களுக்குப் புதிது. அந்தக் கருத்துகளை எழுதினவர்களுக்கு அதற்குச் சொல் இல்லை, அதனால் இருக்கிற கெட்ட சொல்லை எடுத்தார்கள். அம்மாவிடம் இதைச் சொல்லிப் பாருங்கள், அப்பாவின் மீசைக் கதையையும் சொல்லுங்கள்.

இனி ஒரு குறை சொல்லப் போகிறேன். கூத்தில் ஒரு பாத்திரம் முதல் முதலாக வரும்போது இரண்டு பேர் வெள்ளைத் துணியை அவருக்கு முன்னால் பிடித்துக்கொண்டு வருவார்கள். துணி விலகும், பிறகுதான் வரவு. வரவு என்பது, நான் யார், எப்படி வருகிறேன் என்று பாடி ஆடுவது. அதில் ஓர் அதிசயம், அது பெரும்பாலும் 'வந்தேன்' இல்லை, 'வந்தான்' என்றுதான் இருக்கும். ஆடுகிறவர் தன்னைப் பற்றியே வேறு ஆள் மாதிரிப் பாடுவார், கூத்தைப் பழக்குகிற அண்ணாவியாரும் பிற்பாட்டுக்காரரும் சேர்ந்து பாடுவார்கள். சபை சேர்ந்துதான் ஒருவரை அந்த ஆளாக ஆக்குகிறது, ஆனால் கால் அவருடையது, மிதி, அதாவது ஆட்ட அடி, அவருடையது.

உங்கள் வேலையில் துணி பின்னால் இருக்கிறது, சபை இருக்கிறது, வரவு இல்லை. மூன்று மணி நேரமும் சபை மட்டும்தான் பாடுகிறது. ஊர் உங்களிடம் என்ன எதிர்பார்க்கிறது என்று எனக்குத் தெரிந்தது, நீங்கள் என்ன மிதி மிதித்தீர்கள் என்று தெரியவில்லை, ஓர் இடத்தைத் தவிர. 'அழு' என்றதற்கு அழாமல் இருந்தீர்கள். முடியவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். முடியாததும் ஒரு மிதிதான். அந்த அம்மா ஏன் எழும்பச் சொல்லித் தான் இருந்தார் என்று நான் இரண்டு நாளாக யோசிக்கிறேன். நீங்கள் விதியை மீறியதைக் கண்டுவிட்டு, அப்படியானால் எனக்கும் ஒரு வரவு இருக்கிறது என்று வந்திருப்பார் போல. குழம்பியது என்று நினைக்க வேண்டாம்.

உப்புவெளிப் பிள்ளை

எல்லோருக்கும் நன்றி. ஒன்பது நாளாகப் பதில் போடவில்லை, மன்னிக்க வேண்டும், சில வேலைகள் முடியட்டும் என்று இருந்தேன்.

கமரா அண்ணா, கோப்பு நாலு துண்டாகத்தான் இருந்தது. நல்ல காலம், கச்சான் அம்மா வருகிற இடம் இரண்டாவது துண்டுக்குள் முழுதாக இருக்கிறது. 'அழு'விலிருந்து அவர் எழும்பிப் பெட்டியை வாங்கும் வரைக்கும் ஏழு நிமிடம் ஐம்பது செக்கன். ஒரு வெட்டும் இல்லை. காற்றை விட்டுவிட்டேன்.

கிண்ணியா அக்கா சொன்னபடி அவரைத் தேடிப் போனேன், மூன்று பின்னேரம் போக வேண்டியிருந்தது. பேத்திக்குச் சுகமில்லை என்று இரண்டு நாள் வரவில்லை. கண்டதும் என்னைத் தெரிந்துவிட்டது, 'பொட்டுப் பிள்ளை' என்றார். போனில் போட்டுக் காட்டினேன். முழுதாகப் பார்த்தார். திரும்பப் போடச் சொல்லி இன்னொரு முறை பார்த்தார். ஏன் அழச் சொன்னீர்கள் என்று கேட்டேன். 'நீ தனிய இருந்தாய். அழுதா ஆக்கள் நின்டு பார்ப்பாங்க எண்டு சொன்னன். நீ அழல்ல. சரி, இவள் அழமாட்டாள் எண்டு விளங்கிற்று' என்றார். அப்புறம் ஏன் நீங்கள் இருந்தீர்கள் என்று கேட்டேன். படம் எடுப்பது என்று எழுதியிருந்ததாம், அவருக்கும் ஒரு படம் வேண்டுமாம், அவ்வளவுதான். கூத்துக்கார ஐயா, நீங்கள் யோசித்ததற்கு இதுதான் பதில், உங்கள் பதிலும் அதற்குள் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது.

அவரிடம் இருக்கிற ஒரே படம் ஐ.சி. படம். தான் செத்த பிறகு முப்பத்தோராம் நாள் சடங்குக்கு அந்தப் படத்தை வைக்கக் கூடாது என்று நெடுநாளாக மனதில் இருந்திருக்கிறது. அதில் காதில் தோடு இல்லை, அந்தக் காலத்தில் அடைவு வைத்திருந்தாராம். பிறகு பிள்ளைகள் யாராவது வெட்டி ஒட்டி வேறு சீலை போட்டுவிடுவார்கள் என்று பயப்படுகிறார். வீடியோவை எங்கே வேண்டுமானாலும் காட்டு, பேரைச் சொல்லாதே, ஆனால் எனக்குத் தோட்டோடு ஒரு படம் கடதாசியில் வேண்டும் என்றார்.

அம்மாவிடம் மீசைக் கதையைச் சொன்னேன். ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அடுத்த நாள் அந்த வெள்ளைச் சீலையைத் தோய்த்து, நீலம் போட்டு, மடித்து என் மேசையில் வைத்திருந்தார்.

குறிப்பை 250 சொல் நிரப்பவில்லை, ஸ்ரூடியோவையும் சீலையையும் விதியையும் எழுதினேன், விதி எந்த இடத்தில் உடைந்தது என்றும் எழுதினேன். பாரிஸ் அண்ணா, கடைசி வாக்கியம் உங்களுடையது. 2006 ஜனவரி 2 அன்று அந்தக் கரையில் என்ன நடந்தது என்று ஒரே ஒரு வாக்கியம். என்னைப் பற்றியதாக எழுதவில்லை, ஸ்டூல் நின்ற இடத்தைப் பற்றியதாக எழுதினேன். ஒருங்கிணைப்பவர் கேட்டது அதுவா என்று தெரியாது. எனக்கு அது இல்லாமல் அனுப்ப முடியவில்லை. நேற்று இரவு அனுப்பிவிட்டேன்.

வெள்ளிக்கிழமை கச்சான் அம்மாவைக் கூட்டிக்கொண்டு ஸ்ரூடியோவுக்குப் போனோம். தோடு போட்டு, அரக்குச் சீலை கட்டி வந்திருந்தார். படம் எடுக்கிற தம்பி 'நாடியைக் கொஞ்சம்' என்று தொடங்கினான். அவர் கையைக் காட்டி நிறுத்திவிட்டு, தனக்குச் சரியாக இருக்கும் வரைக்கும் அசைந்து அசைந்து பார்த்து, 'இப்ப எடு' என்றார். செவ்வாய்க்கிழமை தருவார்களாம். எட்டுக்குப் பத்து அளவில் இரண்டு பிரதி, லேமினேட் பண்ணச் சொல்லியிருக்கிறோம்.